வானவில் மில்லின் குரல்

1998ஆம் ஆண்டு ஆனி மாதத்து ஒரு செவ்வாய்க்கிழமை, வானவில் மில்லின் பங்காளிகளான சீதாதேவியும் ரஹ்மாவும் நீதிமன்றப் படியேறியபோது இருவருக்கும் குரல் நின்றது. அவர்களுக்காக எழுந்த லோயருக்கும் வாய்தான் அசைந்தது. அதே நேரத்தில், ருவான்வெல்லைக் கடைவீதியில் பூட்டிக் கிடந்த மில்லுக்குள்ளிருந்து மூவரும் பேசுவது கேட்டது. லோயர் சிங்களத்தில் வழக்கை ஆதியிலிருந்து ஒழுங்காக எடுத்துச் சொன்னார். நடுவில் ரஹ்மா ஒருமுறை தும்மினாள். பக்கத்துப் பேக்கரியில் பாணுக்கு நின்றவர்கள் முழுவதையும் கேட்டுவிட்டு, பாணை வாங்கிக்கொண்டு போனார்கள்.

சீதாதேவி ரப்பர் தோட்டத்து லயத்தில், கூலிகளின் வரிசை வீட்டில் பிறந்தவள், பதினாறு வருடம் ரப்பர் பால் வெட்டியவள். ரஹ்மா கடைவீதியில் இடியப்பம் அவித்து விற்றவள். சீதாதேவி அவளை ராத்தா என்று அழைப்பாள், அக்கா என்பதற்கு ரஹ்மாவின் வீட்டுச் சொல் அது. இருவரும் 1996இல் மிளகாய்க்கு ஒரு மெஷினும் மாவுக்கு ஒரு மெஷினும் வாங்கி, சுந்தரலிங்கம் முதலாளியின் கடையறையை வானவில் மில் என்ற பெயரில் ஐந்து வருடக் குத்தகைக்கு எடுத்தார்கள். நொத்தாரிசு எழுதிய உறுதிப் பத்திரம் அது. இரண்டாம் வருடம் டெலிபோன் கடைக்காரர் ஒருவர் அந்த அறையைக் கேட்டார். முதலாளி மெஷின்கள் உள்ளே இருக்கும்போதே பூட்டுப் போட்டார்.

"வழக்குப் போட்டுப் பாருங்களேன்," என்றார்.

பெருமழைக் காலம். மெஷின்கள் துருப்பிடித்தால் சீதாதேவி மறுபடி கத்தியைத் தூக்கிக்கொண்டு ரப்பர் மரத்துக்குத்தான் போகவேண்டும்.

பெல்ட் நின்றால் மோட்டரிலிருந்து ஒவ்வொன்றாகப் பார்த்து வருவது அவள் வழக்கம். குரலையும் அப்படியே பார்த்தாள். அடுத்த தவணைக்குத் தனியாகப் போனாள், குரல் இல்லை. ரஹ்மா தனியாகப் போனாள், இல்லை. ஆனால் அடுத்த வீட்டு ஆட்டுக் களவு வழக்கில் சாட்சி சொன்னபோது சீதாதேவியின் குரல் மணிபோல வந்தது. அப்படியானால் தொண்டையில் பிழையில்லை. ஆவணியில், மில்லின் மிளகாய் நெடி பாணில் ஏறியது என்று பேக்கரிக்காரர் பழைய கோபத்தில் வானவில் மில்லின் மேலேயே வழக்குப் போட்டார். அன்று இருவரும் போதும் போதும் என்னுமளவுக்குப் பதில் சொன்னார்கள்.

"அடுத்தவன் நம்மள இழுத்தா பேசுது ராத்தா. நாம அடுத்தவன இழுத்தா நிக்குது."

"உன்ட வாய் நின்டத நான் இப்பதான் புள்ள பாக்குறேன்," என்றாள் ரஹ்மா. "அல்லாஹ் முதலாளிக்கு ரெண்டு மாசம் நிம்மதி குடுத்திருக்கான்."

சீதாதேவி இந்தக் கணக்கை லோயரின் கிளாக்கர் அழகமுத்துவிடம் போய்ச் சொன்னாள். அவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"மில்லு பேரப் பதிஞ்சீங்களா தங்கச்சி?"

"பிரதேச சபை லைசன் இருக்குங்களே. ஒரு ஐயா வந்து எல்லாத்தையும் எழுதிக்கிட்டுப் போனாரு."

தோட்டத்தில் பிள்ளை பிறந்தாலும் ஆள் செத்தாலும் பெரிய ஆபீஸே எழுதி, போகவேண்டிய இடத்துக்கு அனுப்பிவிடும். ஒரு ஆபீஸ் எழுதினால் எல்லா ஆபீஸுக்கும் தெரியும் என்றுதான் அவள் நாற்பது வருடமாக நம்பியிருந்தாள்.

"லைசன் மில்ல ஓட்டுறதுக்கு. பேரப் பதியறது வேற," என்றார் அழகமுத்து. "பலகையில ஒங்க ரெண்டு பேரு முழுப்பேரையும் போட்டிருந்தா பதியவே வேணாம். வானவில்னு போட்டீங்க. வானவில் யாருன்னு யாருக்குத் தெரியும்? பதியாத பேர்ல செஞ்ச ஒப்பந்தத்த வச்சு நீங்க வழக்காட முடியாது. ஒங்க மேல வழக்குப் போட்டா மட்டும் பதில் சொல்லலாம்."

அவர்கள் கேகாலையில் உள்ள பதிவுக் கந்தோருக்குப் போய்ப் பெயரைப் பதிந்தார்கள். அடுத்த தவணைக்குக் குரல் பாதி வந்தது. இருவரும் தங்கள் பெயரைச் சொன்னார்கள், மில்லின் பெயரைச் சொன்னார்கள். குத்தகை என்று தொடங்கியதும் பேச்சு மில்லுக்குள் போய்விட்டது. அழகமுத்து தலையில் அடித்துக்கொண்டார். குத்தகை பதிவுக்கு முந்தியது. பழையதற்கு நீதிமன்றத்தில் தனியாக இடம் கேட்கவேண்டும்.

கேட்டார்கள். அதற்கு மட்டும் குரல் தடையின்றி வந்தது. தெரியாமல் விட்ட பிழை, வேண்டுமென்று ஒளிக்கவில்லை என்று சீதாதேவி நின்று சொன்னாள். நீதிபதி அதை ஏற்று, பழைய குத்தகைக்கும் வழக்காட இடம் கொடுத்தார். அதற்குப் பிறகு மில்லுக்குள்ளிருந்து வழக்குப் பேச்சு கேட்கவேயில்லை. பேக்கரி வாசலில் நின்ற இரண்டு பேர் கதை பாதியில் அறுந்ததே என்று குறைப்பட்டுக்கொண்டார்கள். தையில் தீர்ப்பு வந்தது. முதலாளியே வந்து பூட்டைத் திறந்தார். மிளகாய் மெஷின் முதல் இழுப்பிலேயே ஓடியது. அவர்தான் முதலில் தும்மினார்.

2004இல் ரஹ்மாவின் மகள் மூன்றாவது பங்காளியாகச் சேர்ந்தாள். அன்றைக்கே கடையைச் சாத்திவிட்டு மூவரும் கேகாலைக்கு பஸ் ஏறினார்கள். கடைவீதியில் புதிதாகக் கூட்டுக் கடை போடுகிறவர்கள் இன்றும் சீதாதேவியிடம் வழி கேட்கிறார்கள். அவள் மெஷினை நிறுத்தாமலே சொல்வாள்: கடைப் பெயர், செய்யும் தொழில், இடம், தொடங்கிய திகதி, பங்காளிகள் எல்லாருடைய முழுப்பெயரும் விலாசமும் எழுதி, எல்லாரும் கையெழுத்து வைத்து, உரிய கந்தோரில் பதியவேண்டும். ஆள் மாறினால் உடனே அறிவிக்கவேண்டும். பதிவுப் பத்திரத்தைச் சுவரில் மாட்டவேண்டும். பதியாமல் முன்பு செய்த ஒப்பந்தம் இருந்தால், முதலில் பதிந்து, பிறகு நீதிமன்றத்தில் இடம் கேட்கவேண்டும். குரல் வரும்.