நடக்காததைக் காட்டுதல்

பெரியாயி காற்றில் ஒரு பிடி கூந்தலைப் பற்றிப் பின்னுக்கு இழுத்தாள். மறுகையின் விரல்களை ஒரு சிறிய போத்தலைப் பிடிப்பது போல வளைத்து உயர்த்தி, அண்ணாந்த தன் வாய்க்கு நேரே கவிழ்த்தாள். அவளுக்கு மூச்சு வாங்கியது. மேட்டு லயத்து வீட்டிலிருந்து பிள்ளைக்காம்பராவரைக்கும் படிகளில் ஓடியே வந்திருக்க வேண்டும். சேலைத் தலைப்பு ஒரு பக்கம் இழுபட்டுத் தொங்கியது. நிரஞ்சலா பாயில் உட்கார்ந்தபடியே தலையை ஆட்டி, சுட்டுவிரலைச் சுழற்றினாள். மறுபடி காட்டு, மெதுவாகக் காட்டு என்று அதற்குப் பொருள்.

பெரியாயி மறுபடி காட்டினாள். நெற்றியின் குறுக்கே விரலை இழுத்தாள். அது தொப்பி, தொப்பி என்றால் அவள் கொழுந்தன் துஷாந்த். தோளில் பின்னலைத் தடவினாள். அது அவள் தங்கை கோகிலவாணி. பிறகு கூந்தல், போத்தல், வாய். நிரஞ்சலாவுக்கு உள்ளுக்குள் சந்தோஷமாக இருந்தது. ஆட்கள் இருவர், செயல்கள் ஒன்றன்பின் ஒன்றாக, வரிசை பிசகவில்லை. இவ்வளவு நீளமான கதையைப் பெரியாயி இதுவரை கட்டிச் சொன்னதில்லை. இன்னொரு தரம் விரலைச் சுழற்றிவிட்டு, வழக்கம்போலத் தேநீர் ஊற்ற எழுந்தாள்.

கோப்பையை நீட்டியபோது பெரியாயி அதைப் பார்த்தாள். பிறகு நிரஞ்சலாவின் முகத்தைப் பார்த்தாள். அவளுடைய கைகள் இரண்டும் தொங்கிப்போயின. ஒன்றும் காட்டாமல் திரும்பி, வந்த படிகளிலேயே ஏறி ஓடிவிட்டாள். இன்றைக்கு மனசு சரியில்லை போலிருக்கிறது என்று நிரஞ்சலா நினைத்துக்கொண்டாள். ஆறிப்போகுமே என்று அந்தத் தேநீரைத் தானே குடித்தாள்.

பகலில் அந்தத் தேயிலைத் தோட்டத்துப் பிள்ளைக்காம்பராவில், கொழுந்தெடுக்க மலைக்குப் போகும் தாய்மார் விட்டுச்செல்லும் கைக்குழந்தைகளைப் பார்த்துக்கொள்வது அவளுடைய வேலை. மாலையானால் தெமோதரையில் பஸ் ஏறிப் பதுளைக்குப் போய், மொழியியல் வகுப்பில் பின்வரிசையில் உட்காருவாள். பாடம் நடத்தியவர் இரகுநாதன் என்ற யாழ்ப்பாணத்துக்காரர்; பகலில் அரசாங்க உத்தியோகம், மாலையில் வகுப்பு. ஆளுக்கொரு ஆய்வுக் கட்டுரை எழுத வேண்டும் என்று அவர் சொன்னபோது மற்றவர்கள் இடப்பெயர்களையும் கடைகளின் பெயர்ப்பலகைகளையும் எடுத்துக்கொண்டார்கள். எதை எடுப்பது என்று தெரியாமல் கடைசிவரை விழித்துக்கொண்டிருந்த நிரஞ்சலா, பிறவியிலேயே காது கேளாத பெரியாயியின் கைஜாடையைச் சொன்னாள். சொன்ன உடனேயே, இதெல்லாம் ஒரு விஷயமா என்று கூசிப்போனாள். தோட்டத்தில் செய்தி பரவியதும் கொழுந்தெடுக்கும் பெண்கள் அவள் காதுபடவே பேசிக்கொண்டார்கள்.

"ஊமச்சிகிட்ட போயி பாஷ படிக்கிறாளாம்டி. பரீட்சையில போயி கைய ஆட்டிட்டுத்தான் வரப்போறா."

அவர்கள் சிரித்தது போலவே தானும் ஒருநாள் சிரிக்க வேண்டியிருக்குமோ என்ற பயம் அவளுக்கு இருந்துகொண்டேயிருந்தது. ஆனாலும் ஞாயிற்றுக்கிழமை தவறாமல், பிள்ளைகள் இல்லாத பிள்ளைக்காம்பராவில் பெரியாயியை உட்காரவைத்து, ஒவ்வொரு ஜாடையையும் மறுபடி மறுபடி காட்டச் சொல்லிப் படித்தாள். யாரும் கற்றுக்கொடுக்காமல், வீட்டுக்குள்ளேயே முளைத்து வளர்ந்த ஜாடைகள் அவை. ஒவ்வொரு ஆளுக்கும் ஓர் அடையாளம், ஒவ்வொரு வேலைக்கும் ஓர் அசைவு. ஒரே ஒரு குறை இருந்தது. நடந்ததையும் நடக்கிறதையும் மட்டுந்தான் பெரியாயி காட்டுவாள். வெயிலில் உட்கார்ந்துகொண்டு மழையைக் காட்டு என்றால், வானத்தைப் பார்த்துவிட்டு, எங்கே என்று கையை விரிப்பாள். இதைக் கேட்ட இரகுநாதன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார்.

"நடந்ததை மட்டும் சொல்லுறது அரைமொழிதான், பிள்ளை. நடக்காததையும் சொல்ல அவவுக்கு ஏலுமோ எண்டு பாருங்கோ. ஏலுமெண்டால் இதை மொழியெண்டு நாங்கள் நிமிந்து நிண்டு சொல்லலாம்."

நிரஞ்சலா அதையே பிடித்துக்கொண்டாள். பாயில் இல்லாத பாம்பைக் கண்டு துள்ளினாள். பெரியாயி அலறிக்கொண்டு வெளியே ஓடி, விறகுக்கட்டையோடு திரும்பி வந்து மூலையெல்லாம் தேடினாள். அடுத்த வாரமும் பாம்பு வந்தது. அதற்கடுத்த வாரமும் வந்தது. மாதங்கள் போயின. ஒரு ஞாயிற்றுக்கிழமை, கேட்காமலே, பெரியாயி தோட்டத்துத் துரையைக் காட்டினாள். துரை கூடைக் கயிற்றைத் தலையில் மாட்டிக்கொண்டு வழுக்கி வழுக்கி மலையேறினார், கொழுந்தை விட்டுவிட்டு முற்றின இலையைக் கிள்ளினார், கங்காணியிடம் ஏச்சு வாங்கிக்கொண்டு நின்றார். இரண்டு பேரும் பாயில் விழுந்து சிரித்தார்கள். கட்டுரையின் அந்தப் பகுதியை இரகுநாதன் வகுப்பில் எழுந்து நின்று வாசித்தார். தன் பெயர்தானா அது என்று நம்பமுடியாமல் நிரஞ்சலா தலையைக் குனிந்துகொண்டிருந்தாள்.

அதற்குப் பிறகு பெரியாயி வந்த போதெல்லாம் ஒரு புதுக்கதை கொண்டுவந்தாள். தொப்பியும் பின்னலும் கூந்தலும் போத்தலும் வந்த ஞாயிற்றுக்கிழமையும் அப்படித்தான் என்று நிரஞ்சலா எடுத்துக்கொண்டாள்.

அன்று பொழுது சாயும் நேரத்தில் மேட்டு லயத்தில் கூச்சல் எழுந்தது. கோகிலவாணி மரக்கறிப் பாத்திக்கு அடிக்கும் பூச்சிமருந்தைக் குடித்துவிட்டாள் என்றார்கள். தோட்டத்து லொறியில் ஏற்றிப் பதுளைக்குக் கொண்டு போனார்கள். பாதி வழியிலேயே உயிர் போய்விட்டது. சமாதானப் பேச்சு தொடங்கி, கொழும்பு பஸ்கள் சோதனைச்சாவடிகளில் நிற்காமல் ஓட ஆரம்பித்திருந்த காலம் அது. கொழும்புக்குக் கார்மண்ட் வேலைக்குப் போகிறேன் என்று பையைக் கட்டி வைத்திருந்தாளாம். புருசன் துஷாந்த் போகக் கூடாது என்றானாம். ரோஷத்தில் குடித்துவிட்டாளாம். பக்கத்துக் காம்பராவில் இருந்தது பெரியாயி ஒருத்திதான், அவளுக்குத்தான் ஒன்றும் கேட்காதே என்றார்கள். நிரஞ்சலாவின் வயிற்றுக்குள் அந்தத் தேநீர் கிடந்தது.

மறுநாள் காலையில் இராசையா பிள்ளைக்காம்பராவுக்கு வந்தார். பெரியாயியின் கணவர், துஷாந்துக்கு அண்ணன். அண்ணன் தம்பி இருவருக்கும் அக்காளையும் தங்கையையும் கட்டிக்கொடுத்திருந்தார்கள். கோகிலவாணியின் கைக்குழந்தை தொட்டிலில் தூங்கிக்கொண்டிருந்தது. அதைப் பார்த்தபடி நின்றார்.

"மத்தியானம் மரண விசாரண ஐயா வர்றாரு. பெரியாயி காட்டுறத நான்தான் எடுத்துச் சொல்லணும். வேற யாருக்கும் தெரியாது." தொட்டிலிலிருந்து கண்ணை எடுத்து அவளைப் பார்த்தார். "ஒனக்குத் தெரியும்."

நிரஞ்சலா தொட்டில் கயிற்றைப் பிடித்து ஆட்டினாள்.

"போனவ போயிட்டா, தாயி. அவனும் உள்ள போயிட்டா இந்தப் புள்ளைக்கு யாரு இருக்கா? நீ ஒண்ணும் பொய் சொல்ல வேணாம். சும்மா இருந்தாப் போதும்."

கண்ணீர் அவர் தாடிமயிரில் இறங்கியது. அதைத் துடைக்காமலே, குரலை உயர்த்தாமலே சொன்னார்.

"நேத்து ஒங்கிட்டதான ஓடியாந்தா. டீ ஊத்திக் குடுத்தியாமே. அதையும் சொல்லுவியா?"

அவர் போன பிறகு, அவரைக் கெட்டவர் என்று நினைத்துக்கொள்ள நிரஞ்சலா முயன்று பார்த்தாள். முடியவில்லை. அவர் கேட்ட கேள்விகள் இரண்டும் நியாயமான கேள்விகளாகவே இருந்தன. விசாரணைக்குப் போகாமல் இருந்துவிடலாம் என்று தீர்மானித்தாள். பிறகு, போய் ஒரு மூலையில் நிற்கலாம், பேசாமல் வந்துவிடலாம் என்று தீர்மானித்தாள்.

தோட்டத்து ஆஸ்பத்திரியான மருந்துக்காம்பராவின் விறாந்தையில் மேசை போட்டிருந்தார்கள். மரண விசாரணை அதிகாரி மொஹிதீன் பதுளை டவுனிலிருந்து வந்திருந்தார். வயதானவர், பொறுமையான மனிதர். தமிழில் கேட்டார், சிங்களத்தில் எழுதினார். விசாரணை முடிந்தால்தான் பதுளையிலிருந்து உடலைக் கொண்டுவரலாம். குழி காலையிலேயே வெட்டியாகிவிட்டது. மழை மூட்டம் போட்டிருந்தது. எல்லோருக்கும் சீக்கிரம் முடிந்தால் போதும் என்றிருந்தது. துஷாந்த் தொப்பியில்லாத தலையைத் தூணில் சாய்த்து அழுதுகொண்டிருந்தான். அது நடிப்பில்லை. லயத்தார் ஒவ்வொருவராக வந்து ஒரே மாதிரி சொல்லிவிட்டுப் போனார்கள்.

பெரியாயியை அழைத்தார்கள். இராசையா ஜாடையில் கேட்டார். தங்கச்சி செத்துப்போனதைப் பார்த்தாயா என்று மட்டுந்தான் கேட்டார். பெரியாயியின் கைகள் பதறிக்கொண்டு எழுந்தன. தொப்பி. பின்னல். கூந்தல். போத்தல். கூட்டத்தின் ஓரத்தில் நின்ற நிரஞ்சலா, முன்பு இரசித்துப் பார்த்த அதே வரிசையைப் பார்த்தாள்.

இராசையா மேசைப் பக்கம் திரும்பினார். "சண்ட போட்டுச்சுங்கய்யா. பொறகு போத்தல எடுத்துத் தானே குடிச்சிருச்சுன்னு சொல்றா."

மொஹிதீன் எழுதினார். பெரியாயியின் கையிலிருந்து இராசையாவின் வாய்க்கு வந்தபோதே ஓர் ஆள் குறைந்துபோயிருந்தான். இப்போது உருண்டை உருண்டையான சிங்கள எழுத்தில் கோகிலவாணி தனியாக நின்று, தனியாகக் குடித்துக்கொண்டிருந்தாள். பெரியாயியின் கட்டைவிரலை மைப்பெட்டிக்குக் கொண்டுபோனார்கள். எதற்கென்று தெரியாமல் அவள் அதை நீட்டிக்கொடுத்தாள்.

"பெரியாயி அக்கா அப்படிச் சொல்லலைங்க," என்றாள் நிரஞ்சலா.

யார் சொன்னது என்று எல்லோரும் திரும்பினார்கள். அவளே ஒருகணம் அப்படித்தான் தேடினாள். மொஹிதீன் கிட்டே கூப்பிட்டு, யார், என்ன படிப்பு என்று விசாரித்தார். ஊமைப் பாஷைக்குப் பரீட்சை எழுதுகிறவள் என்று கூட்டத்தில் ஒருவன் சொன்னான். ஒன்றிரண்டு பேர் சிரிக்கத் தொடங்கி நிறுத்திக்கொண்டார்கள். கூந்தலைப் பிடித்ததும் போத்தலைக் கவிழ்த்ததும் தொப்பிக்காரன் என்றுதான் அக்கா காட்டுகிறாள் என்று நிரஞ்சலா சொன்னாள். தூணடியில் அழுகை நின்றது.

"இத ஒங்களுக்கு முந்தியே காட்டினதா?" மொஹிதீன் கேட்டார்.

"நேத்துக் காட்டுனாங்க. அது நடந்துக்கிட்டு இருக்கிறப்ப."

"அப்ப நீங்க ஏன் போகல்ல, புள்ள?"

"வெளாட்டுன்னு நெனச்சேன். நடக்காதத நடந்த மாதிரி காட்டுறதுக்கு... நான்தான் அவங்களப் பழக்கியிருந்தேன்."

இராசையா ஓர் அடி முன்னால் வந்தார். அவருடைய குரலில் கோபம் இல்லை. ஓர் ஆறுதல்தான் இருந்தது.

"கேட்டுக்கங்கய்யா. பொய்யாக் காட்டப் பழக்குனேன்னு அந்தப் புள்ள வாயாலயே சொல்லுது. அதுக்கு முந்தி இவளுக்குப் பொய்யே தெரியாதுங்க."

அவர் சொன்னதில் தப்பில்லை. வகுப்பில் வாசிக்கப்பட்ட பகுதியும் அதையேதான் சொன்னது. மொஹிதீன் பேனாவை மூடாமல் கீழே வைத்தார். பொய்யா உண்மையா என்று தெரியாத ஒன்றைத் தான் எப்படி எழுதுவது என்று யாரையும் பார்க்காமல் கேட்டார். பிறகு, இன்னொரு தரம் காட்டச் சொல்லுங்கள் பார்ப்போம் என்றார்.

பெரியாயி நிரஞ்சலாவையே பார்த்துக்கொண்டிருந்தாள். கட்டைவிரலில் மை காய்ந்திருந்தது. நிரஞ்சலாவின் சுட்டுவிரல் எழ மறுத்தது. அந்த முகத்தைப் பார்த்து, மறுபடி காட்டு என்று கேட்க அவளால் முடியவில்லை. அதற்குப் பதிலாகத் தானே எல்லோருக்கும் முன்னால் நின்று, நெற்றியில் தொப்பியை இழுத்தாள். தோளில் பின்னலைத் தடவினாள். காற்றில் கூந்தலைப் பற்றினாள். போத்தலைத் தூக்கினாள்.

பெரியாயி வேகமாகத் தலையை ஆட்டினாள். அப்படி இல்லை. மேசையைச் சுற்றிக்கொண்டு வந்து, நிரஞ்சலாவின் கூந்தலை அடியோடு சேர்த்துப் பிடித்தாள். முழங்காலை அவள் முதுகில் கொடுத்துத் தலையைப் பின்னால் சாய்த்தாள். கொழுந்துக்கறை ஏறிய விரல்கள் கன்னம் இரண்டையும் எலும்புவரை அழுத்தின. பற்கள் தாமாக விலகின. நிரஞ்சலாவுக்கு விறாந்தையின் தகரக் கூரை மட்டுமே தெரிந்தது. அதில் முதல் தூறல் விழுந்தது. யாரோ பிடியுங்கள் என்றார்கள். மொஹிதீன் வேண்டாம் என்று கையைக் காட்டியது போலிருந்தது. பேனாவைத் திரும்ப எடுக்கும் சத்தம் கேட்டது.

"என்ன செல்றா?" என்று அவர் கேட்டார். "புள்ள, என்ன செல்றா?"

எடுத்துச் சொல்ல வேண்டிய வாய் பெரியாயியின் பிடியில் திறந்துகிடந்தது. நிரஞ்சலாவின் கூந்தலைப் பிடித்திருந்த பெரியாயியின் கை விடுபட்டு, இல்லாத ஒரு போத்தலைப் பற்றிக்கொண்டு அந்த வாய்க்கு நேர் மேலே வந்து, மெல்லச் சரியத் தொடங்கியது.