படத்துக்குக் கீழே எழுதுவது யார்?

கணவன் அழகாக எழுதுகிறான் என்றால் எந்த மனைவிக்கும் பெருமையாகத்தான் இருக்கும். ஷைமாவுக்குச் சந்தேகம்தான் வந்தது.

அஸ்லாம் ஷார்ஜாவில் ஒரு சூப்பர் மார்க்கெட்டில் வேலை பார்க்கிறான். ஷைமா ஊரில், லெப்பைக்குடிக்காட்டில், மாமியாரோடு இருக்கிறாள். கல்யாணமான புதிதில் பேஸ்புக்கில் படம் போட்டால் கீழே 'நான்' என்று எழுதுவான். கூட்டாளிகளோடு நின்றால் 'நாங்கள்'. அதற்கு மேல் ஒரு வார்த்தை பெயராது. அப்படிப்பட்டவன் ரம்ஜான் முடிந்ததிலிருந்து வேறு ஆளாகிவிட்டான். ஒரு காலி நாற்காலியின் படத்துக்குக் கீழே, 'இதில் உட்கார வேண்டியவள் லெப்பைக்குடிக்காட்டில் நின்றுகொண்டே சாப்பிடுகிறாள்' என்று வந்தது. லைக் குவிந்தது. ரோஜாப்பூவை முகப்படமாக வைத்திருந்த ஒருத்தி, 'உங்க ஒய்ஃப் குடுத்து வெச்சவங்க' என்று எழுதியிருந்தாள்.

அதே அஸ்லாம் போனில் பேசினால், சாப்டியா, அம்மா சாப்டுச்சா, சரி டூட்டி இருக்கு என்பதோடு வைத்துவிடுவான். கண்ணுக்கு ஒருவன், காதுக்கு ஒருவன். இரண்டில் எவன் தன் புருஷன்?

ஷைமா ஒரு நாள் சோதித்துப் பார்த்தாள். நேற்று எழுதிய வரி ரொம்பப் பிடித்திருந்தது என்றாள். அவன் "ம்" என்றான். எந்த வரி என்று சொல்லுங்கள், பார்ப்போம் என்றாள். யாரோ கூப்பிடுவதாகச் சொல்லி வைத்துவிட்டான்.

அவன் போன் வேறொருத்தி கையில் இருக்கிறது. ஷைமாவுக்கு அதில் சந்தேகமே இல்லாமல் போயிற்று. உறுதியாகத் தெரிந்தால் அரியலூரில் அம்மா வீட்டுக்குப் போய்விடுவது, திரும்பி வருவதில்லை என்று முடிவு செய்தாள். உறுதியாகத் தெரிய வேண்டும், அவ்வளவுதான்.

எதிர் வரிசையில் பிளவுஸ் தைக்கும் ஜெயசித்ராவிடம் போனாள். பெரம்பலூர் ஜவுளிக்கடை ஒன்றின் பேஸ்புக் பக்கத்துக்குக் கேப்ஷன் எழுதிக் கொடுப்பதும் அவள்தான். ஜெயசித்ரா கழுத்தில் தொங்கிய டேப்பைச் சுழற்றிக்கொண்டே எல்லாவற்றையும் படித்தாள்.

"இது ஆம்பள எழுதுனது இல்லடி."

"எப்படிச் சொல்ற?"

"சேலையப் படம் புடிச்சுப் போட்டு 'அழகிய சேலை'ன்னு எழுதுனா எவ வாங்குவா? 'நாத்தனார் வராத நாளாப் பாத்துக் கட்டுங்க'ன்னு எழுதணும். படத்துல இல்லாதது எதுவோ அதைச் சொன்னாத்தான் கேப்ஷன். இங்க எல்லாப் படத்துலயும் இல்லாதவ நீதான். நின்னுகிட்டே சாப்பிடற, மழை வரும்னு துணிய அள்ளிட்டு, வராத மழையத் திட்டுற. ஷார்ஜாவுல உக்காந்திருக்கறவனுக்கு இதெல்லாம் எப்படிடி தெரியும்? உன்னைய யாரோ பக்கத்துலேர்ந்து பாக்குறாங்க."

ஷைமா போனைத் திரும்ப வாங்கிப் பார்த்தாள். மழையைத் திட்டியது உண்மைதான். போன வாரம், மொட்டை மாடியில். அஸ்லாமிடம் அவள் அதைச் சொல்லவே இல்லை.

அப்படியானால் அந்த இன்னொருத்தி ஷார்ஜாவில் இல்லை. இதே ஊரில் இருக்கிறாள்.

தெருவைக் கடக்கும்போது இன்னொரு யோசனை வந்தது. தன் மாடியில் நடப்பது ஜெயசித்ராவின் தையல் மிஷினுக்கு நேராகத் தெரியும். கேப்ஷன் எழுதத் தெரிந்தவளும் அவள்தான். பெண் எழுத்து என்று இவ்வளவு சீக்கிரம் எப்படிக் கண்டுபிடித்தாள்? திருட்டைக் கண்டுபிடித்துக் கொடுக்கிற திருடியும் உண்டு.

மறுநாள் வேண்டுமென்றே நொண்டிக்கொண்டு அவள் கடைக்குப் போனாள். பாத்ரூமில் வழுக்கி விழுந்து முட்டி வீங்கிவிட்டது, வீட்டில்கூடச் சொல்லவில்லை என்று புளுகினாள். ஜெயசித்ரா பதறிப்போய்த் தைலம் எடுத்துக் கொடுத்தாள். முட்டியைப் பற்றி ஒரு வரி வரட்டும், பார்த்துக்கொள்ளலாம் என்று ஷைமா காத்திருந்தாள்.

வீட்டில் மாமியார் ஜரீனாவிடம் இதையெல்லாம் பேச முடியாது. மாமி வாயிலிருந்து நல்ல வார்த்தை வருவது கோடையில் வெள்ளாற்றில் தண்ணீர் வருவது மாதிரி. உப்பு கூடிவிட்டது என்பார், குறைந்துவிட்டது என்பார். சரியாக இருந்தால் பேசாமல் சாப்பிடுவார்.

அன்று மாலை பகோடா பொரித்துக்கொண்டிருக்கும்போது ஷைமாவின் போன் ஒலித்தது. புதுப் படம். அஸ்லாம் கையில் டீ கிளாசோடு நிற்கிறான். கீழே: 'சூடு பட்ட விரலைக் காது மடலில் வைத்துக்கொள்பவளே, உனக்கும் சேர்த்துக் குடிக்கிறேன்.'

முட்டி இல்லை. விரல்.

விரலில் சூடு பட்டது காலையில். தோசைக்கல்லைத் தொட்டுவிட்டு அனிச்சையாகக் காதைப் பிடித்துக்கொண்டாள். அப்போது அடுப்படியில் இருந்தது இன்னும் ஒரே ஒரு ஆள்.

ஷைமா அடுப்பை அணைத்துவிட்டுத் திரும்பினாள். ஜரீனா தரையில் உட்கார்ந்து வெங்காயம் அரிந்துகொண்டிருந்தார். பக்கத்தில் அவருடைய போன். அது அஸ்லாமின் பழைய போன். லீவு முடிந்து புதுப் போனோடு கிளம்புகிற பையன்கள் பழையதை அம்மாவிடம் விட்டுப் போவது இந்த ஊரில் வீட்டுக்கு வீடு நடப்பது. அவர்களுடைய பேஸ்புக்கும் அதிலேயே தங்கிவிடுவதை யாரும் நினைப்பதில்லை.

"மாமி, நீங்களா?"

ஜரீனா நிமிரவில்லை. "நான்தான்."

"எதுக்கு?"

"அவன் ஒழுங்காப் பேசுறானா? போனை வெச்சதும் நீ செவுத்தப் பாத்துகிட்டு உக்காந்திருக்க. உங்க அம்மா வூட்டுக்குப் போயிடுவியோன்னு பயம். அவன் எனக்கு அனுப்புற படத்துக்குக் கீழ நாலு வார்த்தை எழுதுனேன். உனக்கு மட்டும்தான் போவும்னு நெனச்சேன். ஊரே படிக்கும்னு யாரு கண்டா?" கத்தியை நிறுத்திவிட்டுச் சேர்த்துக்கொண்டார். "அப்புறம் லைக் வர ஆரம்பிச்சிடுச்சு."

சிரிப்பு வரவேண்டிய இடம். ஷைமாவுக்கு வரவில்லை. "அவருக்குத் தெரியுமா?"

ஜரீனா மறுபடியும் வெங்காயத்தை அரியத் தொடங்கினார்.

"மாமி, உங்களைத்தான் கேக்குறேன்."

"ரூம்ல யாரோ காட்டுனாங்களாம். கேட்டான். நான்தான்ப்பான்னேன். சரிம்மா, எனக்கு வராது, நீயே பாத்துக்கன்னுட்டான்."

இன்னொருத்தி இல்லை. நிம்மதி வந்திருக்க வேண்டும். ஆனால் தன் பங்குப் பாசத்தை அவன் அம்மாவிடம் குத்தகைக்கு விட்டுவிட்டுப் போயிருக்கிறான். அவள் படித்துப் படித்து அழுத வரிகளை அவன் படித்தானா என்பதுகூடத் தெரியாது. எழுத வரவில்லை, சரி. பேசவும் வரவில்லையா? அந்த மௌனத்துக்குப் பின்னால் என்ன வைத்திருக்கிறான்?

அறைக்குப் போய்ப் பையில் துணிகளைத் திணித்தாள். வாசலில் வைத்தாள். மாமியின் போனை எடுத்து அந்தப் பையைப் படம் பிடித்தாள். அஸ்லாம் கணக்கில், அஸ்லாம் பெயரில், கீழே எழுதினாள்: 'இந்தப் பைக்காரி எங்கே போகிறாள் என்று எனக்குத் தெரியாது. நான் கேட்கவும் இல்லை.'

தோளுக்குப் பின்னால் நின்று ஜரீனா படித்தார். "நல்லாத்தான் எழுதுற" என்றார், கலங்கிப்போய்.

அரியலூர் பஸ்ஸுக்கு ஷைமா செருப்பு மாட்டிக்கொண்டிருக்கும்போது அவள் போன் அடித்தது. அஸ்லாம் அந்த நேரத்தில் ஒருநாளும் கூப்பிட்டதில்லை.

"ஷைமா, இங்க கூட வேலை பாக்குறவன் காட்டுறான். அது உன் பையா?"

"ஆமா."

"எங்க போற?"

"இப்பத்தான் கேக்கத் தோணுச்சா மச்சான்?"

 என்ன சொல்வதென்று தெரியவில்லை என்றான். தெரியாததையே சொல்லுங்கள் என்றாள். அவன் தட்டுத்தடுமாறிச் சொல்லத் தொடங்கினான். ரம்ஜானுக்குப் பிறகு தன்னைக் கடையிலிருந்து குடோனுக்கு மாற்றிவிட்டார்கள், மூட்டை இறக்கும் வேலை, முதுகு போய்விட்டது. இரண்டு வார்த்தை அதிகமாகப் பேசினால் குரல் உடைந்துவிடும் என்று வைத்துவிடுவானாம். சொன்னதையே திரும்பச் சொன்னான், பாதியில் விட்டான், மூக்கை உறிஞ்சினான்.

ஷைமா விடவில்லை. எந்தக் குடோன், கூட யார், யார் சமைக்கிறார்கள், ரோஜாப்பூ யார் என்று அடுக்கினாள். ரோஜாப்பூ அம்மாவின் சிநேகிதியாக இருக்கும், எனக்குத் தெரியாது என்றான். ஸ்பீக்கரில் கேட்டுக்கொண்டிருந்த ஜரீனா ஆமாம் என்று தலையாட்டினார்.

எதுவும் ஒரு படத்துக்குக் கீழே போடுகிற அழகில் இல்லை. நம்பலாம் போலத்தான் இருந்தது. இருந்தாலும் அவள் செருப்பைக் கழற்றவில்லை.

"வாயால சொன்னது போதும் மச்சான். வீடியோ போடுங்க. அந்தக் குடோனைக் காட்டுங்க."

திரையில் முதலில் இருட்டுதான் தெரிந்தது. பிறகு கூரை வரை அடுக்கிய அரிசி மூட்டைகள். அதற்கு முன்னால், இடுப்பில் பட்டை கட்டிக்கொண்டு, கேமராவைப் பார்க்கக் கூச்சப்பட்டு நின்ற அஸ்லாம்.

ஷைமா கண்ணை எடுக்காமல் பார்த்தாள். "கொஞ்சம் திரும்புங்க" என்றாள். "முதுகைக் காட்டுங்க."