பின்னோடியில் போட்ட சுறா

அமாவாசையன்று சதுரங்கப்பட்டினத்தில் கடல் வெகுதூரம் உள்வாங்கும். மூழ்கிய ஊரின் படிக்கட்டுகள் தெரியும். அந்த ஊர்க்காரர்கள் எந்தக் காலத்திலோ புழங்கிய சாமான்கள் கரையில் ஒதுங்கும். எடுத்தவர்கள் பொழுது சாய்வதற்குள் கடலிலேயே திரும்பப் போட்டுவிட வேண்டும் என்பது கரைக் கட்டுப்பாடு. என் அக்கா ஜாய்ஸின் கணவர் மோசஸ் மாமா ஒன்றைப் போடாமல் வைத்திருக்கிறார் என்பது எனக்கு நேற்றுதான் தெரிந்தது.

நடந்ததை வரிசையாக எழுதுகிறேன். எங்கேயாவது மிகைப்படுத்தியிருக்கலாம். நாற்றத்தைப் பற்றிச் சொல்வதில் மட்டும் மிகை இல்லை.

அக்காவுக்குக் குழந்தை பிறந்ததிலிருந்து மாமாவின் அம்மா சந்திரம்மா தினமும் பால் சுறா புட்டு செய்து கொடுக்கிறார். தாய்ப்பால் நன்றாக ஊறுமாம். மாமாவுக்குக் கடற்கரையில் மீன்கடை, சுறாவுக்குக் குறைவில்லை. ஆனால் அக்கா இளைத்துக்கொண்டே போனாள். விளக்கு வைக்கும் நேரத்தில் வாந்தி எடுப்பாள். அவளுடைய பாலில் மீன் கழுவிய தண்ணீர் வாடை அடித்தது. குழந்தை வாய் வைத்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டு அலறும். "பச்ச ஒடம்பு, அப்படித்தான் இருக்கும்" என்று சந்திரம்மா இன்னும் ஒரு கரண்டி புட்டு வைப்பார்.

நேற்று மத்தியானம் சுறா வாங்கிவர, செங்கல்பட்டில் இருக்கும் அக்கா வீட்டிலிருந்து நானே கடைக்குப் போனேன். மாமா பின்கட்டில் குந்தியிருந்தார். முன்னால் கரும்பச்சை நிறத்தில் ஒரு உலோகச் சட்டி. அதன் உட்புறம் யாரோ நக்கி வைத்ததுபோல் வழவழத்தது. சாக்கிலிருந்து ஒரு பெரிய சுறாவின் பாதி உடலை இழுத்தார். சதை சாம்பல் நிறக் கூழாகியிருந்தது. செவுளில் புழுக்கள் நெளிந்தன. மூத்திர நாற்றம் கண்ணைக் கரித்தது.

அதைச் சட்டியில் திணித்தார். சட்டி முனகியது. புழுக்கள் சுருங்கி முட்டைகளாகி, முட்டைகளும் மறைந்தன. சதை இறுகியது. வெட்டிய இடத்தில் புது ரத்தம் கசிந்தது. எனக்கு அந்த ரத்தம்தான் புழுவைவிட அதிகமாகக் குமட்டியது.

"இன்னா மச்சான், பேயறஞ்ச மாதிரி நிக்கற? இது பேரு பின்னோடி, அமாவாசைக்குக் கரையில ஒதுங்குனது. ஐஸ்ல வெச்சா மீன் கெடாது. இதுல போட்டா கெட்ட மீனே திரும்பி வந்துடும். அவ்ளோதான்."

"அப்புறம் அப்படியே இருக்குமா மாமா?"

"பொழுது சாயற வரைக்கும் இருக்கும். அதுக்குள்ள வித்துடுவேன். அப்பால கெட்டா அது அவன் பிரிட்ஜு பாடு."

"அதுக்குள்ள சாப்பிட்டுட்டா?"

"வயித்துக்குள்ள எவன் பூந்து பாக்கப்போறான்?" கெக்கெக்கே என்று சிரித்தார்.

"அக்காவுக்குக் குடுக்கறது?"

சிரிப்பு நின்றது. "பால் சுறா தெனம் எங்க மாட்டுது? புள்ள பொறந்த அன்னிக்கு மாட்டுன சுறா மச்சான் இது. இதுலதான் கொஞ்சம் கொஞ்சமா வெட்டிக் குடுத்துகினு கீறேன். அவளுக்குப் பால் வரணும்னுதானே?"

உண்மையாகவே அப்படித்தான் நினைத்திருந்தார். ஒரு துண்டை வெட்டிப் பையில் போட்டு என் கையில் கொடுத்தார். எறிந்துவிடலாமா என்று யோசித்தேன். எறிந்தால் நாளைக்கும் இதே சுறாதான் வரும். அக்காவிடம் சொன்னால் நம்புவாளா? எனக்கே நான் கண்டதில் பாதி நம்பிக்கைதான். "நீங்களும் வாங்க மாமா, புள்ளையப் பாத்துட்டு வரலாம்" என்றேன். அவருடைய பைக்கிலேயே வந்தோம்.

சந்திரம்மா புட்டு கிளறித் தட்டில் வைத்தார். பூண்டும் மிளகும் மணந்தன. அக்கா தட்டை இழுத்தபோது நான் பிடித்துக்கொண்டேன்.

"சாப்பிடாத அக்கா. இது அழுகின சுறா. கடல் சட்டியில போட்டுப் புதுசாக்கினது."

"இன்னாங்க சொல்றான் இவன்?"

"சாயங்காலக் காலேஜுக்குப் போறான் இல்ல, மூளை கலங்கிப்போச்சு. இங்க பாரு, நானே துன்றேன்." மாமா தட்டை வழித்துத் தின்று ஏப்பம் விட்டார். "இன்னா ஆச்சு எனக்கு? கல்லு மாதிரி கீறேன்."

அவர் நன்றாகத்தான் இருந்தார். பொழுது இன்னும் இருந்தது. வீணாக ஒரு மனிதரை அசிங்கப்படுத்திவிட்டேனோ என்று காது சுட்டது. ஆனால் அக்கா வேறு தட்டு கேட்கவில்லை. குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு அவர் எதிரிலேயே உட்கார்ந்தாள். அவர் எழப்போனபோது, "இருங்க" என்றாள்.

வெயில் சுவரை விட்டு இறங்கியது. மாமாவின் முகம் வெளுத்தது. வயிறு களகளவென்றது. வாயைப் பொத்தினார். விரல்களின் இடுக்கில் சாம்பல் கூழ் வழிந்தது. தரையில் விழுந்ததில் வெள்ளையாகச் சில நெளிந்தன. அதே மூத்திர நாற்றம் அறை முழுக்கப் பரவியது. சந்திரம்மா துணியோடு ஓடிவந்தார்.

"தொடைக்காதீங்க அத்தை. அவரு பாக்கட்டும். தெனமும் எனக்குள்ள இதுதான் இருந்துச்சு."

மாமா குனிந்தபடியே, "உனக்கோசரம்தான் ஜாய்ஸு" என்றார்.

அக்கா குழந்தையை என்னிடம் கொடுத்தாள். "மெடிக்கல்ல பால் பவுடர் வாங்கியா தம்பி. நீயே போ. அவரு கையால ஒண்ணும் வேணாம்."

நான் குழந்தையோடு கிளம்பியபோது அவள் பின்பக்கக் குழாயடியில் முதுகைக் காட்டி நின்று, மாரைப் பிழிந்து பாலைச் சாக்கடையில் விட்டுக்கொண்டிருந்தாள்.