நடுவர்கள் பின்னர் அறிவிக்கப்படுவர்

பஸ் டிப்போ டைம்கீப்பர் அழிரப்பரைக் கையில் எடுத்தது அன்று காலையோடு மூன்றாவது தடவை. சனிக்கிழமைக்கான டூட்டி சார்ட்டில் ஏற்கெனவே இரண்டு முறை அழித்து எழுதிய கட்டங்கள் மெலிந்துபோய், இன்னொரு முறை தேய்த்தால் ஓட்டை விழுந்துவிடும் போலிருந்தது. அறுபத்திரண்டு பஸ். எந்த டிரைவர், எந்தக் கண்டக்டர், எத்தனை மணிக்கு எந்த வண்டியில் ஏற வேண்டும் என்று இருபத்தாறு வருஷமாகப் பென்சிலால் தலையெழுத்து எழுதுகிறவர் அவர். மழை, பஞ்சர், வயிற்றுப்போக்கு, மாதத்துக்கு ஒரு பெரியப்பா சாவு, எல்லாவற்றையும் அந்தச் சார்ட்டுக்குள் மடக்கி உட்காரவைத்திருக்கிறார். ஆனால் கண்காணாத ஒரு தேசத்தில் பத்துப் பேர் பந்தைத் தட்டிக்கொண்டு ஓடுவதற்காக இப்படி மண்டை காய வேண்டிவரும் என்று அவர் கனவிலும் நினைக்கவில்லை.

எல்லாம் அந்த அட்டவணையால் வந்த வினை. சர்வதேசக் கூடைப்பந்துப் போட்டியின் அட்டவணையை அச்செடுத்துத் தன் நாற்காலிக்குப் பின்னால் சுவரில் ஒட்டியதும் அவரேதான், யாரைக் குறைசொல்ல? ஆட்டத்தின் எண், தேதி, நேரம், அரங்கம், மோதும் அணிகள், கடைசிக் கட்டத்தில் நடுவர்கள். டிப்போவில் எல்லோரும் அணிகளைப் பார்த்தார்கள், அவர் கடைசிக் கட்டத்தை மட்டும் பார்த்தார். போட்டிக்குப் போயிருந்த இருபத்துநாலு நடுவர்களில் ஒருத்தி அவருடைய மனைவி. அந்தக் கட்டத்திலோ முதல் ஆட்டத்திலிருந்து இறுதி ஆட்டம்வரை ஒரே வாசகம்தான்: நடுவர்கள் பின்னர் அறிவிக்கப்படுவர். பின்னர் என்றால் எப்போது? முந்தின நாள் சாயங்காலம், அவர்களுக்கு மனசு வரும்போது. இவர் ஒரே ஒரு டிரைவரிடம் போய் "உன் டூட்டி பின்னர் அறிவிக்கப்படும்" என்று சொல்லட்டும் பார்ப்போம், சட்டையைப் பிடித்து உலுக்கிவிடுவார்கள்.

அது போதாதென்று நம் அணி அரையிறுதிக்கு வந்து தொலைத்தது. முதல் சுற்றிலேயே மூட்டைகட்டும் என்று எல்லோரும் நினைத்திருந்த அணி. அரையிறுதி மாலை ஆறரைக்கு என்றார்கள், அதற்கேற்ப எழுதினார். ஐந்து மணி என்று மாற்றினார்கள், அழித்து எழுதினார். இன்று காலையில் பார்த்தால் மத்தியானம் இரண்டேகால். போட்டி நடத்துகிற நாட்டின் அணியும் அரையிறுதிக்கு வந்துவிட்டதாம், நல்ல நேரத்தை அவர்கள் எடுத்துக்கொண்டார்களாம். இரண்டேகால் என்பது டிப்போவில் ஷிஃப்ட் மாறும் நேரம். உள்ளே வருகிற வண்டியும் வெளியே போகிற வண்டியும் வாசலில் முட்டிக்கொண்டு நிற்கும். அந்த நேரம் பார்த்து முக்கால்வாசிப் பேர் ஓய்வறை டிவி முன்னால் உட்கார வேண்டும் என்கிறார்கள்.

"மாமா, என்னை ரெண்டேகாலுக்கு மட்டும் வண்டியில ஏத்திடாதீங்க. அப்புறம் நான் பஸ்ஸை எங்க கொண்டுபோய் விடுவேன்னு எனக்கே தெரியாது" என்றபடி மச்சான் உள்ளே வந்தான். மனைவியின் தம்பி, அதே டிப்போவில் டிரைவர். வாயைத் திறந்தால் மூடமாட்டான்.

"எழுதிட்டேன்டா. நாலரைக்கு உனக்கு வண்டி. போ."

"சும்மா சொல்லக்கூடாது மாமா, நினைச்சுப் பாருங்க. ஃபைனல்ல நம்ம டீம். நடுவுல விசிலோட எங்க அக்கா. ஒரே டிக்கெட்டுல ரெண்டு படம்! மெக்கானிக்கிட்ட சொல்லி பேனர் எழுதச் சொல்லியாச்சு. ஒரு பக்கம் டீம், ஒரு பக்கம் அக்கா. போட்டோ மட்டும் நல்லதா ஒண்ணு குடுங்க, பாஸ்போர்ட் போட்டோல அக்கா திருடி மாதிரி இருக்கு."

அட்டவணையைத் தினமும் பார்க்கிறார்களே தவிர, அதன் அடியில் பொடி எழுத்தில் இருப்பதை ஒருத்தனும் படிப்பதில்லை. டைம்கீப்பர் அழிரப்பர் தூளை ஊதிவிட்டு, மச்சானின் பெயரை அழுத்தி எழுதினார்.

மனைவிக்கு நாற்பத்தொன்பது வயது. ஐம்பதில் விசிலைக் கழற்றி வைத்துவிட வேண்டும். நாலு வருஷத்துக்கு ஒருமுறை வருகிற போட்டி, ஆக அவளுக்கு இதுதான் கடைசி. இருபத்திரண்டு வருஷம் பள்ளிக்கூட மைதானத்திலும் போலீஸ் மைதானத்திலும் புழுதியில் ஓடி ஓடி வந்த இடம் இது. ஆரம்பத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஃபௌல் கொடுத்ததற்காக எவனோ அவள்மேல் செருப்பை வீசினான். அவளுடைய பையை மடியில் வைத்துக்கொண்டு ஓரத்தில் உட்கார்ந்திருந்த டைம்கீப்பர் அந்தச் செருப்பை எடுத்து வைத்துக்கொண்டார். ஆட்டம் முடிந்து, வீசியவன் ஒற்றைச் செருப்போடு நொண்டி நொண்டி வந்து கெஞ்சும்வரை கொடுக்கவில்லை. அவள் வெளியூர் போகும் நாட்களில் சமையல், மகளுக்குத் தலைபின்னல், வீட்டுப்பாடம் எல்லாம் அவர் பொறுப்பு. அக்கா அங்கே விசில் ஊதுகிறாள், மாமா இங்கே குக்கர் விசில் எண்ணுகிறார் என்று மச்சான் கல்யாண வீடுகளில் சொல்லிச் சொல்லி அந்த நகைச்சுவை நைந்துபோய்விட்டது. இவரும் சிரித்துவைப்பார். ஆனால் ஒருநாள், ஒரே ஒருநாள், உலகமே பார்க்கிற ஓர் ஆட்டத்தின் நடுவில் அவள் நின்று பந்தை மேலே எறிய வேண்டும், அதைத் தான் பார்க்க வேண்டும் என்று அவருக்குள் ஓர் ஆசை இருந்தது. வெளியே சொன்னதில்லை. சொன்னால் அதற்கும் ஒரு ஜோக் வரும்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் அவர் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தபோது அவளே கூப்பிட்டாள்.

"என்னங்க, செமி ஃபைனல் ரெண்டுக்கும் ஆள் போட்டாச்சு. என் பேர் இல்லை."

"என்ன அநியாயம் இது! நேத்து அந்த மேட்சை நீ எவ்வளவு அழகா..."

"முழுசாக் கேளுங்க. மூணாவது இடத்துக்கான ஆட்டத்துக்கும் ஆள் போட்டாச்சு. அதுலயும் நான் இல்லை. ஆனா ஊருக்குப் போன்னும் சொல்லலை. லிஃப்ட்ல எங்க தலைமை ஆள் என்னைப் பார்த்து, நாளைக்கு நல்லாத் தூங்கு, ஞாயித்துக்கிழமை கால் வலிக்கக்கூடாதுன்னார்."

அவர் கத்தியைக் கீழே வைத்தார். "அப்படின்னா?"

"அப்படின்னாதான். ஆனா நம்ம டீம் நாளைக்குத் தோக்கணும். ஃபைனல்ல ஆடுற நாட்டுக்காரங்க அந்த ஆட்டத்துல விசிலைத் தொடக்கூடாதுங்கறது விதி. நம்மாளுங்க ஜெயிச்சா நான் மாடியில உக்காந்து வேடிக்கை பார்க்கணும்." பிறகு குரலைத் தாழ்த்தினாள். "யார்கிட்டயும் வாயைத் திறந்துடாதீங்க. தம்பிகிட்ட சொல்லவே சொல்லாதீங்க."

"உனக்கு என்ன வேணும்? அதைச் சொல்லு."

"நான் ரெஃப்ரிங்க. எனக்கு எந்தப் பக்கமும் கிடையாது."

"என்கிட்டக் கூடவா?"

"உங்ககிட்டதான் சொல்லக்கூடாது. சொல்லிட்டேன்னா, நாளைக்குக் காலையில சாப்பாட்டு ஹால்ல நம்ம டீம் பசங்க எழுந்து நின்னு வணக்கம் வைப்பானுங்க, அவனுங்க முகத்துல முழிக்க முடியாது."

போனை வைத்த பிறகும் அவர் நறுக்கிய வெங்காயத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். மகள் அறையிலிருந்து வந்து, "அம்மாவா? ஃபைனல் அம்மாதானே? நம்ம டீமும் ஜெயிக்கணும், அம்மாவும் நிக்கணும். நான் ரெண்டுக்கும் சேர்த்து வேண்டிக்கிட்டேன்" என்றாள். பதினொரு வயசு. அவருக்கு எரிச்சல் பொத்துக்கொண்டு வந்தது. யார்மேல் என்று தெரியவில்லை. "ஏதாவது ஒண்ணை வேண்டிக்கோ" என்று சுள்ளென்று சொல்லிவிட்டு, அவள் முகம் சுருங்கியதைப் பார்த்து இன்னும் எரிச்சலானார்.

சனிக்கிழமை இரண்டு மணிக்கே ஓய்வறையில் நாற்காலி கிடையாது. ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு வெளியில் ஒரு கூட்டம். மெக்கானிக் பாதி எழுதிய பேனரைக் கொண்டுவந்து சுவரில் சாய்த்திருந்தார், மனைவியின் முகம் இருக்க வேண்டிய இடத்தில் பென்சில் வட்டம் மட்டும் இருந்தது. டைம்கீப்பருக்கு முதல் வரிசை நடுவில் இடம் பிடித்து வைத்திருந்தார்கள். அதுதான் பெரிய தொல்லை, முகத்தை ஒளித்துக்கொள்ள இடமில்லை. மடியில் மகள், பக்கத்தில் மச்சான்.

ஆட்டம் ஆரம்பத்திலிருந்தே இழுபறி. நம் அணி ஒரு கூடை போட்டால் அறையே எழுந்து நிற்கும், இவரும் அரை நொடி தாமதமாக எழுந்து நிற்பார். எதிரணி போட்டால் எல்லோரும் தலையில் கைவைப்பார்கள், இவரும் வைப்பார். இப்படி நடித்துக்கொண்டே மூன்று கால் பகுதிகளை ஓட்டிவிட்டார். தப்பு நடந்தது நான்காவதில். எதிரணியின் நெட்டை ஆள் ஒருவன் தொலைவிலிருந்து எறிந்த பந்து வளையத்தைக்கூடத் தொடாமல் உள்ளே இறங்கியது. எதிரணி ஆறு புள்ளி முன்னால். "அப்படிப் போடு!" என்று ஒரு குரல். தன்னுடைய குரல்தான் என்று தெரிவதற்குள் அவர் இரண்டு கையையும் தட்டியும் விட்டார்.

அறை அப்படியே திரும்பியது.

"மாமா," என்றான் மச்சான் மெதுவாக, "உங்களுக்கு என்ன ஆச்சு?"

"நல்ல எறிதல்டா. நல்லதை நல்லதுன்னு சொல்லக்கூடாதா?"

"ரெஃப்ரி வீட்டுக்காரர் இல்லையா, அவருக்கு எல்லாரும் ஒண்ணுதான்" என்று பின்னாலிருந்து ஒரு கண்டக்டர் சொன்னார். சிலர் சிரித்தார்கள். மகள் மட்டும் சிரிக்கவில்லை. மடியிலிருந்து இறங்கிப் போய் மாமனின் மடியில் உட்கார்ந்துகொண்டாள். நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது அவருக்கு. அந்தப் பையன்கள் ஓடுவதைப் பார்த்தால் பாவமாகவும் இருந்தது. ஒருத்தனுக்கு முழங்காலில் ரத்தம். அவன் தோற்க வேண்டும் என்று இங்கே ஒரு ஆள் குந்தியிருப்பது அவனுக்குத் தெரியுமா? ஒரு பாவமும் அறியாதவன். அதற்காக அவள் மட்டும் என்ன பாவம் செய்தாள்?

நம் அணி விடவில்லை. ஆறு நான்காகி, இரண்டாகி, கடைசியில் ஒரு புள்ளி முன்னால் வந்தது. மூன்று நொடி பாக்கி. பந்து எதிரணியிடம். உள்ளே போட்டார்கள், நெட்டையன் வாங்கினான், திரும்பினான், எறிந்தான். மணி அலறியது. பலகையின் விளிம்பில் சிவப்பு விளக்கு எரிந்தது. பந்து உள்ளே விழுந்தது.

எதிரணி ஒருவர்மேல் ஒருவர் பாய்ந்து ஆடியது. ஓய்வறை தலையில் கைவைத்தது. டைம்கீப்பருக்குச் சந்தோஷம்தான். வெட்கங்கெட்ட, முழுச் சந்தோஷம். அவள் நடுவட்டத்தில் நிற்கிறாள், கையில் பந்து, அவ்வளவு தெளிவாகத் தெரிந்தது அவருக்கு.

ஆனால் மூன்று நடுவர்களும் ஓரத்து மேஜைக்குப் போய்ச் சின்னத் திரைமுன் குனிந்துவிட்டார்கள். டிவியில் அதையே மெதுவாக ஓடவிட்டார்கள். ஓய்வறையில் ஆளாளுக்குக் கத்தினார்கள். விட்டான், விடலை, விட்டான்.

"எல்லாரும் சும்மா இருங்கய்யா!" என்று மெக்கானிக் எழுந்தார். "ரெஃப்ரி வீட்டுல இருபது வருஷமாக் குடித்தனம் பண்ற ஆளு இங்க இருக்கார். டைம்கீப்பர், நீங்க பார்த்துச் சொல்லுங்க. செல்லுமா, செல்லாதா?"

ஐம்பது முகம் அவர் பக்கம் திரும்பியது. மகளின் முகமும். படம் ஒவ்வொரு கட்டமாக நகர்ந்தது. எத்தனை இரவுச் சாப்பாட்டில் அவள் தட்டையும் டம்ளரையும் நகர்த்தி நகர்த்தி இதைச் சொல்லிக் காட்டியிருக்கிறாள்! விளக்கு எரியறதுக்குள்ள பந்து கையை விட்டிருந்தாதான் செல்லும். பந்தைப் பார்க்காதீங்க, விரலைப் பாருங்க, விளக்கைப் பாருங்க. அவர் விரலைப் பார்த்தார். விளக்கைப் பார்த்தார். விளக்கு எரிந்துவிட்டது. பந்து இன்னும் அவன் நடுவிரல் நுனியில் ஒட்டிக்கொண்டிருந்தது. ஒரு மயிரிழை. தெரியவில்லை என்று சொல்லலாம். செல்லும் என்றே சொல்லலாம், அங்கே மாறப்போவது ஒன்றுமில்லை.

"கையிலதான் இருக்கு" என்றார். பிறகு எல்லோருக்கும் கேட்கும்படி மறுபடி சொன்னார். "பந்து இன்னும் கையிலதான் இருக்கு. செல்லாது. நாம ஜெயிச்சாச்சு."

அவர் சொல்லி முடித்துப் பத்து நொடிக்குப் பிறகுதான் திரையில் நடுவர் நிமிர்ந்து, இரண்டு கையையும் குறுக்கே வீசினார். அதன்பிறகு அந்த அறையில் நடந்ததை எழுத முடியாது. நாற்காலிகள் பறந்தன. வாசலில் நின்ற பஸ்கள் எல்லாம் ஹாரன் அடித்தன. மகள் ஓடிவந்து கழுத்தைக் கட்டிக்கொண்டாள். மச்சான் அவரை இடுப்போடு தூக்கிவிட்டான். "சொன்னேன்ல மாமா! நாளைக்கு ரெண்டு படம்!" என்று காதுக்குள் கத்தினான்.

அவர் சட்டைப்பையில் போன் அதிர்ந்தது. எப்படியோ கீழே இறங்கி, கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு வராந்தாவுக்கு வந்து எடுத்தார்.

"பார்த்தீங்களா?" என்றாள்.

"பார்த்தேன்."

"கையில இருந்துச்சு."

"ஆமா. இருந்துச்சு."

"நானா இருந்தாலும் அதையேதான் குடுத்திருப்பேன்" என்றாள். அவள் பக்கத்தில் கதவு திறக்கிற சத்தம் கேட்டது, ஏதேதோ பாஷைகளில் ஆண்களும் பெண்களும் ஒரே நேரத்தில் பேசினார்கள், யாரோ கைதட்டினார்கள். கூட இருக்கும் நடுவர்கள்தான். உன் நாடு ஜெயித்துவிட்டது என்று வாழ்த்துச் சொல்ல வந்திருக்கிறார்கள். போனைக் கட் செய்யாமலே அவள் ஒவ்வொருவருக்கும் தேங்க்யூ, தேங்க்யூ என்று சொல்வது கேட்டது. ஒவ்வொரு தேங்க்யூவும் முந்தினதைவிட நேர்த்தியாக இருந்தது.

இங்கே இரண்டேகால் வண்டிகளை ஓட்டப்போய் ஆட்டத்தைப் பார்க்க முடியாதவர்கள் ஒவ்வொருவராக பஸ்ஸை நிறுத்திவிட்டு ஓடிவந்தார்கள். முதலில் வந்த டிரைவர் அவருடைய வலதுகையைப் பிடித்துக் குலுக்கினார். அவர் போனை இடதுகாதுக்கு மாற்றி அழுத்திக்கொண்டு, "தேங்க்ஸ்ப்பா" என்றார். அடுத்த ஆள் குலுக்கினார். "தேங்க்ஸ், தேங்க்ஸ்" என்றார். வரிசை வாசல்வரை நின்றது. போனில் அவளும் இன்னும் சொல்லி முடிக்கவில்லை.