கறுப்பு ரிப்பன் போட்ட படம்

மாஸ்கோவில் சீரியல் பார்க்கிறவர்கள் எல்லாருக்கும் ரிம்மா அர்க்காதியெவ்னாவின் முகம் தெரியும், பெயர்தான் ஒருவருக்கும் தெரியாது. நர்ஸ், கடைக்காரி, பக்கத்து வீட்டுக்காரி, பிணம். தலை நரைக்கிற வரைக்கும் இதேதான். நாசமாய்ப் போன தொழில்! அவளுக்கு மேக்கப் போட்டுப் போட்டே எனக்கும் வயசாகிவிட்டது.

இந்த முறை கதாநாயகனின் அம்மா வேஷம், ஒரு பக்க வசனம். ஷூட்டிங்கின் முதல் நாள் கேமரா ஸ்டாண்டில் ஒரு பீங்கான் தட்டை மோதி உடைத்து ஆளுக்கொரு சில்லு எடுத்துக்கொண்டோம். ஷூட்டிங் நல்லபடியாக முடியவேண்டுமென்று நாங்கள் எப்போதும் செய்வது. அவள் தன் சில்லைக் கைக்குட்டையில் சுற்றி வைத்தாள்.

"தாஸ்யா, இந்தத் தடவை என்னைப் பேச விடுறாங்கடி," என்றாள்.

வசனம் பேசவேண்டிய அன்று, நான் பவுடர் பூசி முடித்த நேரத்தில் டைரக்டர் க்ளெப் வந்தான்.

"ரிம்மா அர்க்காதியெவ்னா, அம்மா முன்னாடியே செத்துட்டதா கதைய மாத்தியாச்சு. சுவத்துல உங்க போட்டோ இருந்தா போதும். மனசுல வெச்சுக்காதீங்க."

பாவி! அவள் முகத்தைப் பார்த்துக்கூடச் சொல்லவில்லை.

அவளுடைய படத்தைப் பெரிதாக்கி, செத்தவர் படத்துக்குப் போடுவதுபோல் மூலையில் கறுப்பு ரிப்பன் ஒட்டி மாட்டினார்கள். அந்தக் காட்சியைச் சீக்கிரமே எடுத்து முடித்தார்கள். உயிரோடிருப்பவர் படத்துக்கு அப்படி ரிப்பன் போட்டால், ஷூட்டிங் முடிந்ததும் அவரே அந்தப் படத்தைத் தன் கையால் கிழித்துப் போடவேண்டும். இல்லாவிட்டால் சாவு தேடி வரும் என்று எங்களுக்கெல்லாம் பயம். அவளோ படத்தை அணைத்துக்கொண்டு என் அறைக்கு வந்தாள்.

"கிழிச்சுத் தொலைடி!" என்று கத்தினேன்.

"மாட்டேன். எந்த சீரியல்லயாவது என் முகம் இவ்ளோ பெருசா வந்திருக்கா?"

"சரி, எனக்காவது அந்த வசனத்தச் சொல்லு. நான் கேக்கறேன்," என்றேன்.

கண்ணாடி முன் உட்கார்ந்தாள். "எகோர், உங்கப்பாவோட பூட்ஸ இன்னும் வாசல்ல வெச்சிருக்கேன். தினமும் தொடைக்கறேன். உனக்கு அது சிரிப்பா இருக்கும்..."

ஐயோ, அந்தக் குரல்! பவுடர் பஞ்சைப் பிடித்தபடி அழுதேன். இத்தனை வருஷம் இதை எங்கே வைத்திருந்தாள்?

கதவு திறந்தது. உதவி டைரக்டர் பெண் தலையை நீட்டினாள். "பெரியம்மா, கொஞ்சம் எழுந்திருங்க. கதாநாயகி வந்துட்டாங்க, நாற்காலி வேணும்."

ரிம்மா உடனே எழுந்தாள். படத்தை இரண்டாய், நாலாய்க் கிழித்துக் குப்பைக்கூடையில் போட்டாள். கைக்குட்டையை அவிழ்த்துத் தட்டுச் சில்லை என் மேஜையில் வைத்துவிட்டு வெளியே போனாள்.

தாழ்வாரத்தில் ஓடிப்போய் அவள் கையைப் பிடித்தேன். "அப்புறம் என்னடி? அந்தம்மா மகன்கிட்ட என்ன சொல்றா?"

வசனத்தில் ஒரு நாளும் ஒரு வார்த்தை தப்பவிட்டவளில்லை அவள்.

"மறந்துபோச்சு தாஸ்யா," என்றாள்.