மேட்டையும் அளங்க

ஜல்லி லாரி தெருவில் போனால் எனக்கு இப்போதும் அந்தக் குரல்கள்தான் கேட்கின்றன. முதலில் என் கொழுந்தன் குரல்.

"அண்ணி, நம்ம குவாரிப் பள்ளத்தை அளந்துட்டாங்களாம். பள்ளத்து அளவு பூரா நாம வெட்டி எடுத்த கல்லுதானாம். அத்தனைக்கும் அரசாங்கத்துக்கு ராயல்டி கட்டணுமாம். இல்லைன்னா சீல்."

"எப்ப அளந்தாங்க?"

"நாம கல்யாணத்துக்குப் போயிருந்தோமே, அன்னைக்கு."

சீல் விழுந்தால் அண்ணன் தம்பி இரண்டு வீட்டிலும் அடுப்பு எரியாது. என் வீட்டுக்காரர் உத்தரவைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"வெட்டின கல்லுக்குக் கட்டிக்கிட்டுதானே வர்றோம்? மேல்மண்ணை வழிச்ச பிறகுதானே கல்லே தெரிஞ்சது! அந்த மண்ணை வித்தோமா? நம்ம வீட்டுக்குப் பின்னாடிதானே கிடக்கு. ஒரு வார்த்தை கேட்க வேண்டாமா?"

கிடந்தது வாஸ்தவம். ஆனால் காற்றடித்தால் அந்தப் புழுதி நான் துவைத்துப்போட்ட துணியில்தான் வந்து உட்காரும். அதனால் அதன்மேல் சவுக்கு நட்டேன். சவுக்கு வளர்ந்து, புல் மூடி, மண்மேடு அசல் குன்றாகிவிட்டது.

கனிம ஆபீசுக்குப் போய்ச் சொன்னோம். அதிகாரி சிரித்தார்.

"குன்றைக் காட்டி, கொட்டின மண்ணுன்னு சொல்றீங்களே!"

"வந்து தோண்டிப் பாருங்க சார்."

"உத்தரவு போட்டாச்சு. இனிமே என்னத்தைப் பாக்கிறது?"

வெளியே வந்ததும் கொழுந்தன், "நல்ல கைராசி அண்ணி உங்களுக்கு. நட்டது மரம், முளைச்சது மலை" என்றான். எனக்கு அழுகை முட்டியது. என் வீட்டுக்காரரோ சிரித்துவிட்டார். எந்தக் கஷ்டம் வந்தாலும் அவருக்கு முதலில் சிரிப்புதான் வரும்.

மேல்முறையீட்டுக்குப் போனோம். அங்கே மேலதிகாரி ஒரு அம்மா. என் வீட்டுக்காரர் கல், மண், மேடு என்று ஆரம்பித்ததும் அந்த அம்மா கையைக் காட்டி நிறுத்தினார்.

"அதெல்லாம் அப்புறம். அளந்தப்ப இருந்தீங்களா?"

"இல்லீங்கம்மா."

"விளக்கம் கேட்டு நோட்டீஸ் வந்ததா?"

"உத்தரவுதாங்க முதல்ல வந்தது."

அந்த அம்மா, அங்கே வந்திருந்த கனிம ஆபீஸ் அதிகாரியின் பக்கம் திரும்பினார். "ஏன் கேட்கல?"

"கேட்டாலும் இதையேதான் சொல்லியிருப்பாங்க மேடம்."

"சொல்லட்டுமே. கேட்டுட்டு நம்பாம இருங்க. கேட்காமலே நம்பாம இருந்தா எப்படி? இந்த உத்தரவு ரத்து. இவங்களைப் பக்கத்துல வச்சுக்கிட்டு மறுபடி அளங்க. மேட்டையும் அளங்க."

அதே அதிகாரிதான் வந்தார். இரண்டு சவுக்கை வெட்டிவிட்டு மேட்டில் குழி தோண்டினார்கள். மண், கல் உடைசல், மறுபடி மண். ஆழத்தில் ஒற்றைத் தோல் செருப்பு ஒன்று வந்தது.

"அட, இது என்னோடது!" இவர் துள்ளினார். "நீ தூக்கிப் போட்டுட்டேன்னு எத்தனை வருஷம் உன்னைத் திட்டினேன்!"

"என்னையும் ஒரு வார்த்தை கேட்காமத்தானே தீர்ப்பு சொன்னீங்க?" என்றேன்.

கொழுந்தன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான். அதிகாரிக்கே சிரிப்பை அடக்க முடியவில்லை.

"குன்றுக்குள்ள செருப்பு விளையாதும்மா. கொட்டின மண்ணுதான், எழுதிக்கிறேன்" என்றார். மேட்டின் அளவைப் பள்ளத்தின் அளவிலிருந்து கழித்தார்கள். மிச்சம், நாங்கள் ஏற்கெனவே ராயல்டி கட்டிய கல்தான். சீல் விழவில்லை.

அதற்குப் பிறகு வீட்டில் எது காணாமல் போனாலும் இவர் சமையலறை வாசலில் கைகட்டி நிற்பார்.

"மேடம், ஒரு விளக்கம் வேணும்."

"நாளைக்கு வாங்க" என்பேன். நாளைக்கும் வருவார்.

இப்போது என் மூக்குக் கண்ணாடி அடிக்கடி காணாமல் போகிறது. நானே தேடி நானே எடுத்துக்கொள்கிறேன். விளக்கம் கேட்கத்தான் வாசலில் ஆளில்லை.