கொடுமைக்காரச் சித்தியின் குரல்

திரையில் எந்தச் சித்தி குழந்தையைக் கரித்துக் கொட்டினாலும், முகம் யாருடையதோ, குரல் இவளுடையது. டப்பிங் வட்டாரத்தில் இவளுக்குப் பட்டப்பெயரே 'கொடுமை'. அந்தக் கொடுமை, தாயில்லாத மகளோடு இருந்த ஒரு பஸ் டிரைவரைக் கட்டிக்கொண்டு நிஜமாகவே சித்தியானதை விதியின் குசும்பு என்றுதான் சொல்ல வேண்டும்.

வீட்டில் அவள் மறந்தும் குரலை உயர்த்தியதில்லை. ஈரத் துண்டு மெத்தையில் கிடந்தாலும் "பரவாயில்லடா கண்ணு" என்பாள். ஒன்பது வயதுப் பெண்ணும் "சரிங்க" என்று சொந்த வீட்டிலேயே விருந்தாளி மாதிரி நாற்காலி நுனியில் உட்கார்ந்திருக்கும். இது தன்னிடம் கடைசிவரை ஒட்டாதோ என்ற பயம் அவளை அரித்தது.

காலம் மாறி, சினிமாச் சித்திகளும் நல்லவர்களாகிவிட்டார்கள். புதுப்படத்தில் அவளுக்குக் கிடைத்தது அன்பே உருவான சித்தி. பள்ளி விடுமுறை என்பதால் பெண்ணையும் ஸ்டூடியோவுக்குக் கூட்டிப் போயிருந்தாள். "சாப்பிடுடா தங்கம்" என்று எவ்வளவு குழைந்தும் இயக்குநர் உதட்டைப் பிதுக்கினார்.

"பாசம் வரல மேடம். சர்க்கரையா கொட்டுது."

ஒருவழியாக வாயசைவோடு வசனம் பொருந்தி வந்த நேரம், மூலையிலிருந்து மொறுமொறுவென்று சத்தம். பெண் சிப்ஸ் தின்றுகொண்டிருந்தது.

"அறிவிருக்கா உனக்கு? காலைல சாப்பிடச் சொன்னா ஓடிட வேண்டியது, இப்ப கண்டதத் தின்னு வயித்தக் கெடுத்துக்க வேண்டியது. கொண்டா இங்க."

சொன்ன பிறகுதான் உறைத்தது. குடி முழுகிப் போச்சு என்று நின்றாள்.

பெண் பாக்கெட்டை முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டது. "தர மாட்டேன். ஒரே வசனத்த நீங்க நாளெல்லாம் பேசுவீங்க, நான் பட்டினி கிடக்கணுமா சித்தி?"

இத்தனை மாதத்தில் அது எதிர்த்துப் பேசியது இதுதான் முதல் தடவை.

"அதேதான் மேடம்," என்றார் இயக்குநர், கண்ணாடிக்கு அப்பாலிருந்து. "அந்தக் கோவத்தோடயே சாப்பிடச் சொல்லுங்க."

அடுத்த டேக் ஓகே ஆனது. திரும்பும் வழியெல்லாம் ஜன்னல் சீட்டுக்காக இரண்டும் அடித்துக்கொண்டன. அவர்கள் படியேறும்போதே கூச்சல் வீட்டிலிருந்த டிரைவரின் காதில் விழுந்தது. எந்த நாள் வரக்கூடாது என்று வேண்டிக்கொண்டிருந்தாரோ, அது வந்துவிட்டது என்று பதறிக் கதவைத் திறந்தார்.

"என்னாச்சு, சண்டையா?"

"ஆமாப்பா. சித்தி என்னைச் செம திட்டு திட்டிட்டாங்க," என்றது பெண், பரிசு வாங்கி வந்த பெருமையோடு. "நானும் விடல." செருப்பை நடுவழியில் உதறிவிட்டு உள்ளே ஓடியது.

சித்திக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. குரலைச் செருமிச் சரிசெய்துகொண்டு, செருப்பைப் பார்த்து அடுத்த திட்டைத் தொடங்கினாள்.